நினைப்பையே நினைத்துப் பார்ப்பது எப்படி? புதிதாகத் தொடங்குபவர்களுக்கு மூன்று வாரச் செய்முறை

கண்ணை மூடி, கன்னியாகுமரிக் கடலுக்குள் நிற்கும் திருவள்ளுவர் சிலையை மனதில் கொண்டுவாருங்கள். இந்த மாவட்டத்துக்காரர்களுக்கு இது ஒரு நொடி வேலை. படம் வந்ததும் கண்ணைத் திறந்து, அந்தப் படத்தை மட்டும் நம்பி ஒரு தாளில் வரைந்துவிடுங்கள். ஓவியம் தெரியாவிட்டாலும் பரவாயில்லை, கோடுகள் போதும். வரைந்து முடிக்கும்வரை அடுத்த பத்திக்குப் போக வேண்டாம்.

இப்போது தாளைப் பாருங்கள். ஓலைச்சுவடியை எந்தக் கையில் வைத்திருக்கிறீர்கள்? மற்றக் கையில் எத்தனை விரல்கள் நிமிர்ந்து நிற்கின்றன? பீடம் சிலையின் உயரத்தில் பாதிக்கு மேலா, கீழா? விவேகானந்தர் பாறைக்குப் போகும் கண்ணாடிப் பாலம் உங்கள் படத்தில் இருக்கிறதா?

சுவடி இடது கையில். வலது கையில் மூன்று விரல், அறம் பொருள் இன்பம் என்பதற்காக. பீடம் 38 அடி, அதன்மேல் நிற்கும் சிலை 95 அடி, மொத்தம் 133. பாலம் திறக்கப்பட்டது 2024 டிசம்பர் 30 அன்று. பழைய நினைவிலிருந்து வரைந்தவர்களின் தாளில் பாலம் இருக்காது. நூறு தடவை பார்த்தவர்கள்கூட இந்த நான்கில் ஒன்றிரண்டில் தடுமாறுவது சாதாரணம்.

இங்கே மூன்று அடுக்குகள் இருக்கின்றன. கடலில் நிற்கும் சிலை ஒன்று. உங்கள் மனதில் இருக்கும் சிலையின் பதிவு இரண்டாவது. ‘படம் தெளிவாக வந்துவிட்டது’ என்று அந்தப் பதிவைப் பற்றி நீங்கள் போட்ட தீர்ப்பு மூன்றாவது. கேள்வி வந்தபோது ஆட்டம் கண்டது மூன்றாவது அடுக்குதான். இந்த மூன்றாவது அடுக்கை, அதாவது மனம் தன் பதிவுகளைப் பற்றியே நினைப்பதை, மெட்டாகாக்னிஷன் என்று 1970களில் பெயரிட்டவர் அமெரிக்க உளவியலாளர் ஜான் ஃபிளேவெல். நெல்சன், நாரன்ஸ் என்ற இருவர் 1990-ல் இதற்கு ஒரு எளிய வரைபடம் கொடுத்தார்கள். கீழே வேலை செய்யும் தளம், மேலே கண்காணிக்கும் தளம். கீழிருந்து மேலே தகவல் போகிறது, மேலிருந்து கீழே கட்டளை வருகிறது. ‘இந்தப் பாடம் எனக்குத் தெரியும்’ என்பது தகவல். ‘அப்படியானால் புத்தகத்தை மூடு’ என்பது கட்டளை. தகவல் தப்பாகப் போனால் கட்டளையும் தப்பாகத்தான் வரும்.

தகவல் ஏன் தப்பாகப் போகிறது? மனம் தன் பதிவுகளை அலமாரி திறப்பதுபோல் திறந்து எண்ணிப் பார்ப்பதில்லை. எவ்வளவு சுலபமாக வந்தது, எவ்வளவு பழகியதாகத் தோன்றுகிறது என்ற அடையாளங்களை வைத்து ஊகிக்கிறது. பெயர் ஒன்று நாக்கு நுனியில் நிற்கும்போது, பெயர் இல்லாமலேயே ‘எனக்குத் தெரியும்’ என்ற உறுதி மட்டும் இருக்கிறதல்லவா? உறுதி வேறு, பதிவு வேறு என்பதற்கு அதைவிட நல்ல சாட்சி இல்லை. பிரவுன், மெக்நீல் இருவரும் 1966-ல் இதை ஆராய்ந்தபோது, சொல் வராதவர்களுக்கு அதன் முதல் எழுத்தும் அசைகளின் எண்ணிக்கையும் பல சமயம் சரியாகத் தெரிந்திருந்தது.

ஆகவே பயிற்சியின் அடிப்படை ஒன்றே ஒன்று. ஊகத்தை வெளியே எழுதிவைத்து, பிறகு நடந்ததோடு ஒப்பிடுவது. கீழே வருவது எல்லாம் அதன் வகைகள்தான்.

தேவையானவை

80 பக்க நோட்டு ஒன்று, மைப்பேனா ஒன்று, அலாரம் வைக்க போன், நாளுக்குக் கால் மணி நேரம். பென்சில் வேண்டாம். முடிவு தெரிந்த பிறகு ‘எனக்கு அப்போதே தெரியும்’ என்று பழைய நினைப்பை மனம் திருத்திவிடும். பாருக் ஃபிஷ்ஹாஃப் 1975-ல் இதைச் சோதனையில் காட்டினார். அழிக்க முடிகிற எழுத்து இந்தத் திருத்தத்துக்குத் துணைபோகும். போனில் குறிப்பெழுதினாலும் இதே சிக்கல்தான், மாற்றியதற்குத் தடம் இருக்காது.

நோட்டின் இரண்டு பக்கங்களைச் சேர்த்து ஐந்து கட்டங்களாகக் கோடு போடுங்கள்: தேதியும் நேரமும், வாக்கியம், எங்கிருந்து வந்தது, எவ்வளவு உறுதி, என்ன ஆயிற்று. கடைசிக் கட்டம் அகலமாக இருக்கட்டும். அதை நிரப்ப மறப்பவர்கள்தான் அதிகம். அது காலியாக இருந்தால் மற்ற நான்கும் வீண்.

முதல் வாரத்தின் முதல் மூன்று நாள்: மணி அடித்ததும்

ரஸ்ஸல் ஹர்ல்பர்ட் 1970களில் தொடங்கி வளர்த்த முறை இது. நாளுக்கு ஆறு தடவை, எதிர்பாராத நேரத்தில் மணி ஒலிக்க வேண்டும். ஒலிப்பதற்குச் சற்று முந்தைய கணத்தில் மனதில் என்ன இருந்ததோ அதை மட்டும் எழுத வேண்டும். நேரத்தை நீங்களே வைக்காதீர்கள், வீட்டில் ஒருவரிடம் போனைக் கொடுத்து வைக்கச் சொல்லுங்கள். கோயில் மணி, சர்ச் மணி, பாங்கு மூன்றும் கேட்கிற தெருவில் இருப்பவர்கள் அவற்றைப் பயன்படுத்தலாமே என்று நினைப்பார்கள். அவற்றின் நேரம் மனதுக்கு ஏற்கெனவே தெரியும். மணிக்கு முன்பே மனம் தன்னை ஒழுங்குபடுத்திக்கொண்டு காத்திருக்கும்.

என்ன தவறு நடக்கும் என்பதை ஒரு பதிவை வைத்தே பார்க்கலாம். தேங்காய் துருவிக்கொண்டிருக்கும்போது மணி அடிக்கிறது. முதலில் எழுத வருவது: ‘சமையலைப் பற்றி நினைத்துக்கொண்டிருந்தேன்.’ இது பதிவு இல்லை, தலைப்பு. சொல்லாக வந்ததா, படமாக வந்ததா? சொல் என்றால் எந்தச் சொல், யாருடைய குரலில்? இப்படித் தோண்டினால் கிடைப்பது: ‘உப்பு போட்டேனா என்ற கேள்வி, என் குரலில், போட்டே என்ற இடத்தில் நின்றுவிட்டது. சட்டியின் படம் இல்லை. துருவியின் பல் விரல் நுனியில் உரசிய உணர்வு இருந்தது.’ இவ்வளவு சிறியதாக வர வேண்டும்.

ஹர்ல்பர்ட் தம் பதிவுகளில் அடிக்கடி கண்டவை ஐந்து: உள்ளே பேசும் சொல், உள்ளே தெரியும் படம், சொல்லும் படமும் இல்லாமலேயே தெளிவாக வரும் நினைப்பு, உணர்ச்சி, உடலில் பட்ட ஏதோ ஒன்றின் மேல் கவனம். ‘நான் எப்போதும் வார்த்தைகளால்தான் நினைக்கிறேன்’ என்று உறுதியாகச் சொல்பவர்கள் தங்கள் நோட்டில் வார்த்தைகள் குறைவாக இருப்பதைப் பார்த்துத் திகைப்பார்கள். சிலருக்குப் படமே வராது. சிலையை நினைத்தபோது கண்ணுக்குள் இருட்டுதான் என்றால் அது குறை அல்ல. ஆடம் ஜீமன் 2015-ல் அதற்கு அஃபான்டேசியா என்று பெயர் வைத்தார். அப்படிப்பட்டவர்களும் சிலையைப் பற்றிய கேள்விகளுக்குப் பதில் சொல்லத்தான் செய்கிறார்கள்.

முதல் நாள் பதிவுகளைக் கணக்கில் சேர்க்காதீர்கள். கை பழக ஒரு நாள் வேண்டும்.

அடுத்த நான்கு நாள்: ‘ஆம்’ எங்கே உதிர்கிறது

ஒரு செய்தி எங்கிருந்து வந்தது என்று கவனிக்கத் தமிழ் பேசுபவர்களிடம் ஒரு கருவி பிறவியிலேயே இருக்கிறது. ‘பேச்சிப்பாறை அணையைத் திறக்கப் போறாங்க’ என்பதற்கும் ‘திறக்கப் போறாங்களாம்’ என்பதற்கும் உள்ள தூரத்தை ஐந்து வயதுப் பிள்ளையும் அறியும். அந்த ‘ஆம்’ அணையைப் பற்றி எதுவும் சொல்லவில்லை. இந்தச் செய்தி என்னிடம் எப்படி வந்தது, நான் இதற்குப் பொறுப்பா இல்லையா என்பதைச் சொல்கிறது. செய்தியின் மேல் ஒட்டிய சீட்டு அது. பல மொழிகளில் இதைச் சொல்லத் தனி வாக்கியமே போட வேண்டும். நமக்கு ஓர் ஒட்டு போதும்.

நினைவில் அந்தச் சீட்டு செய்தியைவிடச் சீக்கிரம் உதிர்ந்துவிடுகிறது என்பதுதான் சிக்கல். குளச்சலிலோ முட்டத்திலோ ஒரு குடும்பத்துக்கு வாட்ஸ்அப்பில் கள்ளக்கடல் (திடீரென எழும் பேரலை) எச்சரிக்கை வருகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். முதல் நாள் பேச்சு: ‘நாளைக்கு ராத்திரி அலை ஏறுமாம்.’ மூன்றாம் நாள்: ‘அலை ஏறும்னு சொன்னாங்க.’ பத்தாம் நாள்: ‘போன வாரம் அலை ஏறிச்சுல்லா.’ நடுவில் யாரும் பொய் சொல்லவில்லை. மார்சியா ஜான்சனும் அவருடன் பணியாற்றியவர்களும் 1993-ல் விளக்கிய மூலக் கண்காணிப்பு என்ற கருத்து இதுதான். ஒரு நினைவு எங்கிருந்து வந்தது என்பது அந்த நினைவோடு சேர்த்துப் பூட்டி வைக்கப்படுவதில்லை. கேட்கப்படும்போது, அது எவ்வளவு விவரமாகவும் தெளிவாகவும் இருக்கிறது என்பதை வைத்து மனம் மறுபடி ஊகிக்கிறது. தெளிவாகக் கற்பனை செய்ததும் கண்ணால் பார்த்ததும் குழம்புவது இதனால்தான்.

செய்முறை: நாளுக்குப் பத்து வாக்கியங்கள். அன்று நீங்கள் பிறரிடம் நிச்சயமாகச் சொன்னவை, சொல்ல நினைத்தவை. ஒவ்வொன்றுக்கும் எதிரே ஐந்தில் ஒன்றைப் போடுங்கள்: பார்த்தது, கேட்டது, ஊகித்தது, ஆசைப்பட்டது அல்லது பயந்தது, எங்கிருந்து என்று தெரியாது. ஐந்தாவதைப் போட வெட்கப்பட வேண்டாம். நோட்டில் மதிப்பு மிக்க வரி அதுதான். பத்துக்குப் பத்தும் ‘பார்த்தது’ என்று வந்தால் அவசரமாகப் போட்டிருக்கிறீர்கள். உறவினர் ஒருவரின் குணம், ஒரு மருந்தின் பலன், ஊரில் ஒரு சண்டையின் காரணம் என்று மூன்று வாக்கியங்களை எடுத்து, நீங்கள் அதை நேரில் பார்த்த நாளை எழுத முயலுங்கள். நாள் எழுத முடியாதவற்றில் ‘ஆம்’ சேர்த்து வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். எத்தனை வாக்கியங்களுக்கு அது இயல்பாகப் பொருந்துகிறது என்பது கொஞ்சம் வலிக்கவும் செய்யும்.

இரண்டாம் வாரம்: உறுதிக்கு எண் போடுவது

‘அநேகமா’, ‘கட்டாயம்’, ‘பெரும்பாலும்’ போன்ற சொற்களை ஒரு வாரத்துக்கு எண்ணாக மாற்றுங்கள். 50 என்றால் ஆமா இல்லையா தெரியவில்லை, 100 என்றால் வேறு வழியே இல்லை. நாளுக்கு ஆறு ஊகங்கள் எழுதினால் வாரத்தில் 42 கிடைக்கும். ஓரிரு நாளில் முடிவு தெரிகிற சங்கதிகளாக இருக்க வேண்டும்: மாலை ஆறு மணிக்குள் மழை பெய்யும், தோவாளைச் சந்தையில் நாளை பிச்சிப்பூ விலை இன்றைவிட ஏறும், வடசேரியில் ஏறும் வண்டி ஒன்பதுக்குள் மார்த்தாண்டம் சேரும், மகளின் கணக்குத் தேர்வு மதிப்பெண் 80-ஐத் தாண்டும். ‘நல்லா நடக்கும்’ என்பதுபோல் எழுதினால் எது நடந்தாலும் வென்றதாகத் தோன்றும். நடந்ததா இல்லையா என்று இன்னொருவர் பார்த்துச் சொல்லக்கூடிய வாக்கியமாக எழுதுங்கள்.

வாரக் கடைசியில் 80 போட்டவற்றை எல்லாம் சேர்த்து, அவற்றில் எத்தனை பலித்தன என்று எண்ணுங்கள். பத்தில் எட்டு வந்தால் உங்கள் ‘80’ உண்மையான 80. ஆறு வந்தாலும் பதறாதீர்கள், பத்து என்ற சிறிய எண்ணிக்கையில் அது தற்செயலாகவே நேரலாம். நாற்பது ஊகங்களுக்கு 80 போட்டு 24 மட்டும் பலித்தால் அது தற்செயல் அல்ல, உங்கள் உறுதி கூடுதல்.

கணக்குப் பிடிப்பவர்களுக்கு இன்னொரு வழி. 80 என்பதை 0.8 ஆக்குங்கள். நடந்தால் 1, நடக்காவிட்டால் 0. வித்தியாசத்தை அதனாலேயே பெருக்குங்கள். நடந்தால் 0.04, நடக்காவிட்டால் 0.64. எல்லாவற்றையும் கூட்டி எண்ணிக்கையால் வகுங்கள். வானிலைக் கணிப்பை மதிப்பிடப் பயன்படும் பிரையர் மதிப்பெண் இது, சிறியதாக இருப்பது நல்லது. எல்லாவற்றுக்கும் கண்ணை மூடி 50 போட்டிருந்தால் 0.25 வரும். உங்களுடையது அதற்கு மேல் போனால், தெரியாது என்று சொல்லியிருந்தால் இதைவிட நன்றாக இருந்திருக்கும் என்று பொருள். இப்படி வருபவர்கள் பெரும்பாலும் 95, 100 என்று தாராளமாகப் போட்டவர்கள். ஒரே ஒரு தப்பான 100 தனியாக 1.00 சேர்த்துவிடும்.

தெரியும் என்று நினைப்பதும் விளக்கத் தெரிவதும்

தையல் மிஷின் ஓடுவதைப் பார்க்காதவர் கிடையாது. அது எப்படி வேலை செய்கிறது என்ற உங்கள் அறிவுக்கு 1 முதல் 7 வரை மதிப்பெண் போடுங்கள். போட்டாயிற்றா? இப்போது விளக்குங்கள். மேல் நூல் கண்டில் இருக்கிறது, கீழ் நூல் பாபினில் இருக்கிறது. இரண்டு நூலிலும் நுனி எதுவும் விடுபட்டு அலையவில்லை. அப்படியானால் ஒன்று இன்னொன்றை எப்படிச் சுற்றுகிறது?

இந்த இடத்தில் பேனா நின்றுவிடும். ஊசியின் கண் நுனியில் இருக்கிறது என்பது பலருக்கு நினைவு வரும். அதற்கு அப்பால் நடப்பது இது: ஊசி துணிக்குக் கீழே போய்ச் சற்றே மேலெழும்போது மேல் நூல் ஒரு சிறு வளையமாகத் தளர்கிறது. அடியில் இருக்கும் கொக்கி அந்த வளையத்தைப் பிடித்து விரித்து, பாபின் முழுவதையும் அதற்குள் நுழையவிட்டு, மறுபக்கம் விட்டுவிடுகிறது. நுனி கீழ் நூலைச் சுற்றவில்லை, வளையம் பாபினையே விழுங்கி வெளியே விடுகிறது. இப்போது மறுபடி மதிப்பெண் போடுங்கள். முதலில் போட்டதைவிடக் குறைந்த எண் மனதில் வந்தால், அந்த இறக்கம்தான் நீங்கள் அளக்க வந்தது. ரோசன்பிளிட், கெய்ல் இருவரும் 2002-ல் ஜிப், பூட்டு, ஃபிளஷ் டாய்லெட் போன்ற பொருள்களை வைத்து இதே இறக்கத்தைக் காட்டினார்கள். மிஷின் ஓடுவது தெரிவதும், அதன் பாகங்களின் பெயர் தெரிவதும், இயக்கம் தெரிவதுபோல் வேஷம் போடுகின்றன. தையல் தொழில் செய்பவர்கள் பூட்டையோ மோட்டார் பம்பையோ எடுத்துக்கொள்ளுங்கள்.

டிஎன்பிஎஸ்சி போன்ற தேர்வுகளுக்குப் படிப்பவர்களுக்கு இந்தப் பகுதி வாழ்க்கைப் பிரச்சினை. ஒரு பத்தியை மறுபடி மறுபடி வாசித்தால் அது வழுக்கிக்கொண்டு போகும். அந்த வழுக்கலை மனம் ‘படித்துவிட்டேன்’ என்று கணக்கெழுதும். ரோடிகர், கார்பிக் 2006-ல் செய்த சோதனையில் ஒரு குழு ஒரு பகுதியை நான்கு முறை வாசித்தது. இன்னொரு குழு ஒரு முறை வாசித்து, மூன்று முறை பார்க்காமல் எழுதிப் பார்த்தது. ஐந்து நிமிடம் கழித்து வாசித்தவர்களுக்கு 83 சதவீதம் நினைவிருந்தது, எழுதியவர்களுக்கு 71. ஒரு வாரம் கழித்து வாசித்தவர்களுக்கு 40, எழுதியவர்களுக்கு 61. வாசித்தவர்கள்தான் தங்களுக்கு நன்றாக நினைவிருக்கும் என்று கூடுதலாக நம்பியிருந்தார்கள்.

இதிலிருந்து இரண்டு விதிகள். ‘தெரியுமா’ என்ற தீர்ப்பைப் படித்த உடனே போடாதீர்கள், குறைந்தது பத்து நிமிடம் வேறு வேலை பார்த்துவிட்டுப் போடுங்கள். போடும்போது கேள்வியை மட்டும் பாருங்கள், விடையைக் கையால் மூடுங்கள். நெல்சனும் டன்லோஸ்கியும் 1991-லும் 1992-லும் காட்டியபடி, விடை கண்ணில் பட்டால் தாமதத்தின் பலன் போய்விடுகிறது. கைடு புத்தகத்தில் விடை கேள்விக்கு அடியிலேயே அச்சிட்டிருப்பதால் இந்தத் தவறு தினமும் நடக்கிறது. ஒரு அட்டைத் துண்டு போதும்.

பிஸ்கட் டின்: குழந்தையோடு ஒரு பத்து நிமிடம்

நினைப்பையே நினைக்கும் அந்த மூன்றாவது அடுக்கு மனிதருக்கு எப்போது முளைக்கிறது என்பதை வீட்டிலேயே பார்க்கலாம். மூன்று வயது முடிந்த ஒரு பிள்ளையும் ஐந்து வயதுப் பிள்ளையும் வேண்டும். தனித்தனியாகச் செய்யுங்கள், பெரியது முன்னால் இருந்தால் பதிலை எடுத்துக்கொடுத்துவிடும்.

டின்னைத் தேர்ந்தெடுப்பதில்தான் முதல் தவறு நடக்கும். நம் வீடுகளில் பழைய பிஸ்கட் டின்னுக்குள் ஊசி, நூல், பொத்தான் இருப்பது பிள்ளைக்கு ஏற்கெனவே தெரியும். அதனால் கடையிலிருந்து புதிதாக வந்த, படம் போட்ட பெட்டி ஒன்றை எடுத்து, பிள்ளை பார்க்காதபோது பிஸ்கட்டை மாற்றிவிட்டுப் பெரிய மரக்கட்டை பொம்மை ஒன்றை வையுங்கள். பொத்தான் வேண்டாம், வாயில் போடும் வயது.

மூடிய பெட்டியைக் காட்டி, ‘மக்களே, இதுக்குள்ள என்ன இருக்கும்?’ ‘பிஸ்கட்டு.’ திறந்து காட்டுங்கள். சிரித்து முடிக்கட்டும். மறுபடி மூடுங்கள். முதல் கேள்வி: ‘இப்ப உள்ள என்ன இருக்கு?’ இது சரியாக வராவிட்டால் மேலே போகாதீர்கள், பிள்ளை கவனிக்கவில்லை. இரண்டாவது: ‘இதத் தெறக்கதுக்கு முன்னால, உள்ள என்ன இருக்குன்னு நீ நெனச்சே?’ மூன்றாவது: ‘அண்ணன் இன்னும் பாக்கல. அவன் என்ன இருக்குன்னு நெனப்பான்?’

மூன்று வயதுப் பிள்ளைகளில் பலர் கடைசி இரண்டு கேள்விக்கும் ‘பொம்ம’ என்பார்கள். ஒரு நிமிடத்துக்கு முன் தன் வாயால் ‘பிஸ்கட்டு’ என்றதையே மறுக்கும் பிள்ளை பொய் சொல்லவில்லை. தான் நினைத்தது என்ற பதிவு, உலகம் இப்போது இருக்கும் விதத்திலிருந்து வேறாக நிற்க முடியும் என்பது அதற்கு இன்னும் பிடிபடவில்லை. ஐந்து வயதுப் பிள்ளை ‘பிஸ்கட்டுன்னுல்லா நெனச்சேன்’ என்று சிரிக்கும். கவனித்துப் பாருங்கள், தன் பழைய நினைப்பைப் பற்றிய கேள்வியும் அண்ணனின் நினைப்பைப் பற்றிய கேள்வியும் ஏறத்தாழ ஒரே வயதில்தான் கைவருகின்றன. ஆலிசன் காப்னிக், ஜேனட் ஆஸ்டிங்டன் 1988-ல் மிட்டாய்ப் பெட்டிக்குள் பென்சில் வைத்துக் கண்டதும் இதுவே. பிறர் மனதில் தப்பான பதிவு இருக்கலாம் என்று காணும் திறனை அதற்கு முன்பே, 1983-ல், விம்மர், பெர்னர் ஒரு சாக்லெட் கதையை வைத்துச் சோதித்திருந்தார்கள்.

ஒரே கேள்வியை இரண்டாம் முறை கேட்காதீர்கள். முதலில் சொன்னது தப்பு போலிருக்கிறது என்று பிள்ளை பதிலை மாற்றும். ‘நீ என்ன சொன்னே’ என்று மாற்றிக் கேட்டால் அது வேறு சோதனையாகிவிடும். ஒரு தடவை தவறியதை வைத்துப் பிள்ளைக்கு எந்தப் பெயரும் சூட்டாதீர்கள், இதில் மாதக்கணக்கில் வித்தியாசம் சகஜம். உதவ நினைத்தால், ‘அப்பா மழை வராதுன்னு நினைச்சு குடை எடுக்காம போயிட்டாரு’ என்பதுபோல், நினைப்பும் நடப்பும் பிரியும் வாக்கியங்களைத் தினம் பேசுங்கள்.

மூன்றாம் வாரம்: காரணங்கள்

இது சுருக்கமானது, ஆனால் மூன்று வாரத்திலும் மனதை அதிகம் அசைப்பது. ஒரே பாத்திரத்திலிருந்து நான்கு ஒரே மாதிரி டம்ளரில் சாயா ஊற்றி வரிசையாக வையுங்கள். வந்தவரிடம் நான்கையும் ருசித்து, எது நன்றாக இருக்கிறது, ஏன் என்று கேளுங்கள். ‘இதில் கடுப்பம் சரியாக இருக்கு’, ‘அது கொஞ்சம் இனிப்பு தூக்கல்’ என்று காரணங்கள் தங்குதடையில்லாமல் வரும். நிஸ்பெட், வில்சன் 1977-ல் எழுதிய கட்டுரையில் இதற்கு ஒப்பான ஒரு சோதனை உண்டு. ஒரே மாதிரியான நான்கு காலுறைகளை வரிசையாக வைத்தபோது வலது கோடியில் இருந்ததையே மிகப் பலர் தேர்ந்தார்கள். வைத்த இடத்தைக் காரணமாக யாரும் சொல்லவில்லை, நெசவையும் தரத்தையும் சொன்னார்கள்.

சோதித்தவரிடம் கடைசியில் உண்மையைச் சொல்லிவிடுங்கள், அவரைச் சிறுமைப்படுத்தாமல். பிறகு உங்களுக்கே செய்துகொள்ளுங்கள். ஒரு வாரத்துக்கு, எந்தச் சிறு முடிவுக்கும் முன்பாகக் காரணத்தை ஒரு வரி எழுதுங்கள்; முடிவெடுத்த மறுநாள், நோட்டைப் பார்க்காமல் காரணத்தை மறுபடி எழுதுங்கள். இரண்டும் எங்கே பிரிகின்றன என்று பாருங்கள். மறுநாள் காரணம் வழக்கமாக அழகாக இருக்கும். தன் முதுகு தனக்குத் தெரியாது என்பதை நம் ஆட்கள் குணத்தைப் பற்றிச் சொன்னார்கள். காரணங்களுக்கும் அது பொருந்தும்.

‘என்று’ சேர்ப்பது

தொல்லை தரும் எண்ணங்களுக்கும் இந்தப் பழக்கம் உதவும். ‘நான் தோற்றுவிடுவேன்’ என்ற வாக்கியத்தை ‘நான் தோற்றுவிடுவேன் என்று ஒரு எண்ணம் வருகிறது’ என்று எழுதிப் பாருங்கள். எண்ணம் போகவில்லை. ஆனால் ‘என்று’ வந்ததும் அது உலகத்தைப் பற்றிய செய்தியாக இருப்பதை விட்டு, மனதில் நடந்த ஒரு நிகழ்ச்சியாகிறது. அதற்கும் ‘எங்கிருந்து’, ‘எவ்வளவு உறுதி’ என்ற கட்டங்களை நிரப்ப முடியும்.

எண்ணத்தை விரட்ட முயலாதீர்கள். வெள்ளைக் கரடியை நினைக்காதே என்று சொன்னவர்களிடம் கரடி திரும்பத் திரும்ப வந்ததை டேனியல் வெக்னர் 1987-ல் காட்டினார். கவலைக்கு மாலையில் ஒரு 15 நிமிடம் ஒதுக்குங்கள். பகலில் வரும் கவலையை ஒரு வரி எழுதி அந்த நேரத்துக்குத் தள்ளுங்கள். படுக்கப் போகும் நேரத்தை மட்டும் தேர்ந்தெடுக்க வேண்டாம்.

இங்கே எச்சரிக்கை அவசியம். கவனிப்பதும் அரைத்துக்கொண்டே இருப்பதும் வெளியிலிருந்து பார்க்க ஒன்றுபோல் இருக்கும். நோட்டை மூடியபின் மனம் வேறு வேலைக்குப் போனால் அது கவனிப்பு. அதே வரியை நான்கு பக்கத்துக்கு எழுதிக்கொண்டிருந்தால் நிறுத்திவிட்டு எழுந்து நடங்கள், ஒருவரிடம் பேசுங்கள். இரண்டு வாரத்துக்கு மேல் மனம் சோர்ந்தே இருந்தால், தூக்கம் கெட்டால், செத்துப்போகலாம் என்ற எண்ணம் வந்தால், இந்தப் பயிற்சியை விட்டுவிட்டு மருத்துவரைப் பாருங்கள். டெலி மானஸ் இலவச எண் 14416-ல் எந்த நேரமும் தமிழில் பேசலாம்.

கடைசி நாள்

முதல் நாள் வரைந்த தாளை எடுத்துக்கொண்டு கன்னியாகுமரிக் கடற்கரைக்குப் போங்கள், அல்லது அண்மையில் எடுத்த நல்ல புகைப்படம் ஒன்றைப் பாருங்கள். தாளில் ஒவ்வொரு பகுதிக்கும் பக்கத்தில் அதை எவ்வளவு உறுதியாக வரைந்தீர்கள் என்று முதலில் ஓர் எண் போடுங்கள், பிறகு சிலையைப் பாருங்கள். இடுப்பு லேசாக வளைந்திருப்பது உங்கள் தாளில் வந்திருக்கிறதா என்று தேடுங்கள். திருத்தங்களை வேறு நிற மையில் போடுங்கள். பழைய கோட்டை அடிக்க வேண்டாம், இரண்டும் ஒன்றன்மேல் ஒன்றாகத் தெரிய வேண்டும். தேதி போட்டு நோட்டுக்குள் வைத்துக்கொள்ளுங்கள். ஆறு மாதம் கழித்து, தாளைப் பார்க்காமல், மறுபடி ஒரு தடவை வரையலாம்.